இல்லாத ஒரு காலத் தத்துவத்தை உண்டாக்குவது எப்படி: செட்டிநாட்டுக் கதை எழுதுபவர்களுக்கு

நாவலோ நாடகமோ எழுதுகிறீர்கள், கதை காரைக்குடிப் பக்கம் நடக்கிறது, அதில் காலத்தைப் பற்றி யாருக்கும் இல்லாத ஒரு கொள்கையை வைத்துக்கொண்டு ஒரு சிறு கூட்டம் வாழ்கிறது, அந்தக் கொள்கையை நீங்கள்தான் உண்டாக்க வேண்டும். இந்த இடத்தில் நிற்பவர்களுக்காக இதை எழுதுகிறேன். நானும் இதில் நீண்ட நாள் மாட்டிக்கொண்டு திண்டாடினேன். எங்கே என்ன கிடைக்கும், எதற்குக் காசு கொடுக்கத் தேவையில்லை, எந்த மாதத்தில் வரவேண்டும், யாரிடம் கேட்கவேண்டும் என்று சொல்ல அப்போது ஆள் இல்லை.

ஒன்றை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். வெள்ளைத் தாடிக்காரர் ஒருவரைத் திண்ணையில் உட்கார வைத்து, காலம் நதி, காலம் சக்கரம் என்று பேசவிட்டால் அது மரபு ஆகாது, வசனம்தான் ஆகும். அந்தக் கொள்கையை நம்புகிறவர் பணம் கொடுக்கல் வாங்கலில், கல்யாணத்தில், சாவு வீட்டில் நம்மைவிட வேறு மாதிரி நடந்துகொள்ள வேண்டும். அப்போதுதான் வாசகர் நம்புவார். கீழே வருகிற படிகள் எல்லாம் அதற்காகத்தான்.

1. ஒரே ஒரு கேள்வியைப் பிடியுங்கள்

செலவு: ஒன்றுமில்லை. ஆனால் இதைத் தாண்டிக்கொண்டு அடுத்த படிக்குப் போனால் அப்புறம் எல்லாமே சுற்றிச் சுற்றி வரும்.

"காலம் என்றால் என்ன?" என்று ஆரம்பிக்காதீர்கள். அதற்குப் பதில் சொல்ல ஏற்கெனவே பெரிய பெரிய ஆட்கள் இருக்கிறார்கள். இரண்டு பேர் சண்டை போடக்கூடிய கேள்வியாக இருக்கட்டும். நான் பிடித்த கேள்வி இது: கடன் கொடுத்தவரும் வாங்கியவரும் இறந்துபோய், சீட்டும் தொலைந்துபோனால், வட்டி ஓடிக்கொண்டிருக்கிறதா நின்றுவிட்டதா? இதற்கு "ஓடுகிறது" என்று சொல்பவர் காலத்தைப் பற்றி ஒன்றை நம்புகிறார், "நின்றுவிட்டது" என்று சொல்பவர் வேறொன்றை நம்புகிறார். இருவருக்குமே தாங்கள் தத்துவம் பேசுகிறோம் என்று தெரியாது. கதைக்கு அதுதான் வேண்டும்.

2. ஏற்கெனவே இருப்பதைப் பாருங்கள்

நமக்குத் தோன்றியது புதுசு என்று நினைத்துக்கொண்டிருப்போம், ஆயிரத்தைந்நூறு வருஷத்துக்கு முன்னாலேயே ஒருவர் அதைச் சொல்லி, இன்னொருவர் மறுத்தும் வைத்திருப்பார். குறைந்தபட்சம் இவ்வளவாவது தெரிந்திருக்க வேண்டும்.

பழைய இந்தியத் தத்துவப் பள்ளிகளில் ஒன்றான வைசேடிகர்களுக்குக் காலம் ஒரு பொருள். ஒன்பது திரவியங்களில் ஒன்று. ஒன்றேயானது, எங்கும் நிறைந்தது, அழியாதது. முன்பு பின்பு, சீக்கிரம் தாமதம் என்றெல்லாம் நாம் உணர்வதை வைத்து அதை ஊகிக்கலாம் என்பார்கள். சைவ சித்தாந்தத்தில் முப்பத்தாறு தத்துவங்களில் காலமும் ஒன்று, மாயையிலிருந்து தோன்றியது, தானாக இயங்காத சடப்பொருள். சமணத்தில் திகம்பரர்கள் காலத்தை அணுக்களாகவே சொல்கிறார்கள், இடத்தின் ஒவ்வொரு புள்ளியிலும் ஒரு கால அணு, ஒன்றோடொன்று ஒட்டாமல். பௌத்தத்தின் கணபங்கவாதப்படி எந்தப் பொருளும் ஒரு கணத்துக்கு மேல் நிற்பதில்லை. சமண, பௌத்தக் காலத்திலேயே இருந்து பிறகு மறைந்த ஆசீவகர்களுக்கு எல்லாம் நியதி, நடக்க வேண்டியது நடந்தே தீரும். இவர்கள் பலரும் ஒரே இடத்தில் வரிசையாக வந்து தங்கள் கட்சியைச் சொல்வதைப் பார்க்க வேண்டுமென்றால் மணிமேகலையின் 27ஆம் காதையைப் படியுங்கள், ஒரு மாலையில் முடிந்துவிடும். உரையோடு படியுங்கள், இல்லாவிட்டால் மண்டை காயும்.

நம் இலக்கணத்தையும் விட்டுவிடாதீர்கள். தொல்காப்பியம் அகத்திணைக்கு முதற்பொருளாக நிலத்தையும் பொழுதையும் சேர்த்தே வைக்கிறது. பாலைக்கு நண்பகலும் வேனிலும். சித்திரை மாதம் மத்தியானம் கானாடுகாத்தான் தெருவில் நடந்து பாருங்கள், எதற்காக அப்படி வைத்தார்கள் என்று கால் சொல்லும்.

செலவு: மணிமேகலையும் தொல்காப்பியமும் பழந்தமிழ் நூல்களை இணையத்தில் தரும் மதுரைத் திட்டத்திலும் தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் மின்னூலகத்திலும் இலவசம். கடையில் வாங்கினால் உரையுள்ள பதிப்பாக வாங்குங்கள். கோட்டையூரில் ரோஜா முத்தையா செட்டியார் வாழ்நாள் முழுக்கச் சேர்த்த புத்தகங்களும் பழைய அச்சுத்தாள்களும் இப்போது சென்னை தரமணியில் அவர் பெயரிலேயே உள்ள ஆராய்ச்சி நூலகத்தில் இருக்கின்றன. செட்டிநாட்டைப் பற்றி எழுத செட்டிநாட்டுக்கு வரும் முன் தரமணிக்குப் போவது வேடிக்கைதான், ஆனால் அந்த வரிசைதான் சரி. கிளம்பும் முன் தொலைபேசியில் கூப்பிட்டு உறுப்பினர் விதியையும் படி எடுக்கும் கட்டணத்தையும் கேட்டுக்கொள்ளுங்கள், அடையாள அட்டை எடுத்துப் போங்கள்.

நேரம்: ஒரு மாதத்து மாலைகள் போதும். அதற்கு மேல் போனால் நீங்கள் கதை எழுதமாட்டீர்கள், ஆய்வேடு எழுதப் போய்விடுவீர்கள்.

3. ஊர் எப்படி நாளை எண்ணுகிறது என்று கற்றுக்கொள்ளுங்கள்

இந்தப் படியில்தான் பலரும் சறுக்குகிறார்கள், அதனால் கொஞ்சம் நிதானமாகவே சொல்கிறேன்.

முதலில் ஒரு பஞ்சாங்கம் வாங்குங்கள், ஒரு வேளைச் சாப்பாட்டுக் காசுக்குள் வந்துவிடும். பழைய வாய்பாட்டுக் கணக்கான வாக்கியமா, இன்றைய வானியல் கணக்கான திருக்கணிதமா என்று அட்டையைப் பார்த்து வாங்குங்கள், ஏனென்றால் திதி முடியும் நேரம் இரண்டிலும் ஒத்துப்போகாது, உங்கள் கதையில் ஒரு வீடு ஒன்றையும் எதிர்வீடு மற்றதையும் பார்த்தால் அதுவே ஒரு அத்தியாயத்துக்குப் போதும். நாள் சூரிய உதயத்தில் தொடங்குகிறது, நள்ளிரவில் அல்ல. ஒரு நாளுக்கு 60 நாழிகை, ஒரு நாழிகை 24 நிமிடம், ஏழரை நாழிகை ஒரு சாமம். நாழிகையை அறுபதாகப் பிரித்தால் வருவது பழைய விநாடி, அதாவது இன்றைய 24 நொடி. பழைய ஜாதகத்திலிருந்து பிறந்த நேரத்தை அப்படியே எடுத்துக் கதைக்குள் போடுகிறவர்கள் இங்கேதான் வழுக்கி விழுகிறார்கள்.

அடுத்து வருஷம். பிரபவ முதல் அட்சய வரை அறுபது பெயர்கள், முடிந்ததும் மறுபடியும் பிரபவ. 2024 சித்திரையில் பிறந்தது குரோதி. 1964இல் பிறந்ததும் குரோதி, 1904இல் பிறந்ததும் குரோதி. பழைய கணக்கில் "குரோதி வருஷம் தை மாதம்" என்று மட்டும் இருந்தால் அது உங்கள் தாத்தா எழுதியதா அவருடைய தாத்தா எழுதியதா என்று அந்த வரியை வைத்துச் சொல்லவே முடியாது. தாளையும் மையையும் நாணயத்தையும் பார்த்துத்தான் கண்டுபிடிக்க வேண்டும். சரித்திரம் எழுதுபவருக்கு இது தலைவலி. நமக்கோ இதைவிட நல்ல விஷயம் கிடைக்காது: அறுபது வருஷத்துக்கு முந்தைய கடனும் இன்றைய கடனும் ஏட்டில் ஒரே தேதி போட்டுக்கொண்டு பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்திருக்கின்றன.

நிலப் பத்திரம் கதையில் வந்தால் பசலியும் வரும், அதாவது வருவாய்த்துறையின் நிலக் கணக்கு ஆண்டு. ஜூலை 1இல் மாறும். அந்தத் தேதிக்குப் பிந்தைய மாதங்களுக்கு ஆங்கில வருஷத்திலிருந்து 590ஐக் கழியுங்கள், அதற்கு முந்தைய மாதங்களுக்கு 591. 2025 ஜூலையில் தொடங்கியது 1435.

இவ்வளவும் எண்கள். கண்ணால் பார்க்க வேண்டியது நகரத்தார், அதாவது செட்டிநாட்டுச் செட்டியார்கள், வீடுகளில் நடக்கும் பிள்ளையார் நோன்பு. கார்த்திகை தீபத்திலிருந்து 21 நாள். புது வேட்டியிலிருந்து ஒரு நாளைக்கு ஒரு இழையாக எடுத்துச் சேர்க்கிறார்கள். மார்கழியில் சஷ்டியும் சதயமும் கூடுகிற நாளில் அந்த 21 இழையையும் ஒரே திரியாகச் சேர்த்து, பிடித்துவைத்த இனிப்பு மாவில் செருகி, நெய்யில் நனைத்துப் பற்றவைத்து, வீட்டில் மூத்தவர் எடுத்துக் கொடுக்க, எரிகிற சுடரோடு வாயில் போட்டுக்கொள்கிறார்கள். நாக்கு சுடாது, வாயை மூடியதும் அணைந்துவிடும், ஆனால் முதல்முறை பார்க்கும் குழந்தையின் முகத்தைப் பாருங்கள். இருபத்தோரு நாளை எண்ணி, முறுக்கி, கொளுத்தி, விழுங்கிவிடுகிறார்கள். காலத்தைப் பற்றி எத்தனை புத்தகம் படித்தாலும் இப்படி ஒன்று நமக்குத் தானாகத் தோன்றாது.

எச்சரிக்கை: இது வீட்டு விசேஷம், காட்சி அல்ல. தெரிந்தவர் கூப்பிட்டால் போங்கள், கைபேசியை வெளியே எடுக்கும் முன் கேளுங்கள்.

4. பழைய கணக்கேட்டைக் கையில் எடுங்கள்

காரைக்குடி முனீஸ்வரன் கோயில் தெருவில் பழம்பொருள் கடைகள் வரிசையாக இருக்கின்றன. எனாமல் தூக்குச்சட்டிக்கும் பர்மா அரக்குப் பாத்திரத்துக்கும் நடுவில் சில நேரம் கணக்கேடுகள் கிடக்கும். நிறைய பேர் அட்டைக்காக வாங்குகிறார்கள், நீங்கள் உள்ளே பாருங்கள்.

முதலில் கண்ணில் படுவது குறியீடுகள். நாளுக்கு ௳, மாதத்துக்கு ௴, வருஷத்துக்கு ௵, பற்றுக்கு ௶, வரவுக்கு ௷, மேற்படிக்கு ௸, ரூபாய்க்கு ௹. இன்றைக்கும் உங்கள் கணினியின் எழுத்துருவில் இவை இதே வரிசையில் இருக்கின்றன: நாள், மாதம், வருஷம், அதை ஒட்டியே பற்று, வரவு. இந்த வரிசையைப் பார்த்த அன்றுதான் என் கற்பனைக் கூட்டத்துக்கு உருவம் வந்தது. கையெழுத்தில் இவை ஒரே இழுப்பில் வந்து, புதியவர்களுக்குச் சும்மா கிறுக்கலாகத் தெரியும். வட்டிக்கடையில் பழைய கணக்குப்பிள்ளையாக இருந்த பெரியவர் யாராவது கிடைத்தால் ஒரு பக்கத்தைப் படித்துக்காட்டச் சொல்லுங்கள், பத்து நாளில் நாம் தட்டுத்தடுமாறிப் படிப்பதை அவர் காப்பி ஆறுவதற்குள் முடித்துவிடுவார்.

தெரிந்துகொள்ள வேண்டிய சொற்கள்: பேரேடு (எல்லாக் கணக்கையும் ஏற்றும் பெரிய ஏடு), சிட்டை (அன்றாடக் குறிப்பு), வட்டிச் சிட்டை (வட்டிக் கணக்கு), தவணை, கெடு, நடப்பு வட்டி (அந்த மாதத்துக்கு நடைமுறையில் உள்ள வட்டி விகிதம்). வட்டிக்கடையில் ஆட்கள்: முதலாளி, மேலாள் (முதலாளிக்காகக் கடையை நடத்துபவர்), அடுத்தாள் (மேலாளுக்கு அடுத்தவர்), பெட்டியடிப் பையன் (எடுபிடிப் பையன்). கடல் கடந்து கடைக்குப் போகிறவர்கள் மூன்று வருஷக் கணக்கு என்று போவார்கள், முடித்துத் திரும்புவார்கள். நடப்பு வட்டியைக் கவனியுங்கள்: ரங்கூனில் கடை வைத்திருந்த செட்டியார்கள் மாதம் ஒருமுறை கோயிலில் கூடி அதன் விகிதத்தை முடிவு செய்தார்கள். அதாவது இந்த மாதம் பணம் எவ்வளவு வேகத்தில் வளரவேண்டும் என்பதைப் பத்துப் பேர் சம்மணம் போட்டு உட்கார்ந்து தீர்மானிக்கிறார்கள். இதைப் படித்ததும் உங்களுக்குள் மணி அடிக்கவில்லை என்றால் வேறு கதை எழுதலாம்.

செலவும் சட்டமும்: விலைக்கு வரையறை கிடையாது, பேரம்தான். சொல்லும் விலையைக் கேட்டு முகத்தில் ஒன்றும் காட்டாமல் பக்கத்து அலமாரியைப் பார்க்கத் தொடங்குங்கள். வாங்கினால் ரசீது கேளுங்கள். வரலாற்று, இலக்கிய மதிப்புள்ள ஆவணமாக இருந்து 75 வருஷத்துக்கு மேல் ஆகியிருந்தால் 1972ஆம் ஆண்டுத் தொல்பொருள் சட்டத்துக்குள் வந்துவிடும். நாட்டுக்குள் வைத்துக்கொள்வதற்கும் வெளிநாட்டுக்குக் கொண்டுபோவதற்கும் வித்தியாசம் உண்டு, சிங்கப்பூரில் இருக்கும் சித்தப்பாவுக்குப் பெட்டியில் வைத்து அனுப்பலாம் என்று நினைக்காதீர்கள். வாங்காமலே வேலை நடக்கும், கடைக்காரர் அனுமதித்தால் இரண்டு பக்கம் படம் எடுத்துக்கொண்டு அதற்குப் பதிலாகச் சின்னதாக வேறு ஏதாவது வாங்குங்கள். ஏட்டில் இருக்கும் பெயர்களையும் ஊரையும் கதையில் மாற்றிவிடுங்கள், கடன் பட்டவரின் பேரன் இன்னும் அதே தெருவில் இருப்பார்.

5. வீட்டுக்குள் போக

வளவு, முகப்பு, பட்டாலை, இரண்டாங்கட்டு என்ற வீட்டுப் பகுதிகளையெல்லாம் படத்தில் பார்த்து எழுதினால் போதாதா என்று கேட்பீர்கள். போதாது. வீட்டுக்குள் வெளிச்சம் எந்த நேரத்தில் எங்கே விழுகிறது என்பது படத்தில் வராது, காலத்தைப் பற்றி எழுதும்போது அதுதான் வேண்டும்.

பெரிய வீடுகளில் பல ஒரே ஆளுக்குச் சொந்தம் அல்ல. பங்காளிகள் பலர், ஒருவர் சென்னையில், ஒருவர் கோலாலம்பூரில், சாவி ஒருவரிடம், வீட்டைப் பார்த்துக்கொள்ளும் ஆள் வேறு. காவலாளி "பாத்துட்டுப் போங்க" என்று திறந்துவிடுவதை அனுமதி என்று எடுத்துக்கொள்ளாதீர்கள், படமோ விவரமோ அச்சில் வந்தபிறகு பங்காளி ஒருவர் கூப்பிடுவார். நான் பார்த்த ஒரு வீட்டில் இப்படித்தான் ஆனது, அந்தப் பெயரைச் சொல்லமாட்டேன். ஒரு தாளில் நீங்கள் யார், எதற்கு, எந்த அறை, படம் எடுப்பீர்களா, வீட்டின் பெயர் வருமா வராதா என்று எழுதி, குறைந்தது சாவி வைத்திருக்கும் பங்காளியிடமாவது கையெழுத்து வாங்குங்கள். வாட்ஸ்அப்பில் ஒரு வரி பதில் இருந்தாலும் பத்திரப்படுத்துங்கள்.

பெரியவர்களை ஆச்சி, ஐயா என்றே கூப்பிடுங்கள். "எந்த ஊரு? எந்தக் கோயில்?" என்று கேட்பார்கள். நகரத்தாருக்கு இளையாற்றங்குடி முதல் பிள்ளையார்பட்டி வரை ஒன்பது கோயில்கள், அதைத்தான் கேட்கிறார்கள். நீங்கள் நகரத்தார் இல்லை என்றால் இல்லை என்று சொல்லிவிடுங்கள், பேச்சு நிற்காது. ஒரு ஆச்சியிடம் நான் காலத்தைப் பற்றி நேராகவே கேட்டுப் பார்த்தேன். "காலமா? மத்தியானம் வாங்க, இப்ப வடகம் காயுது" என்றார். மத்தியானம் போனேன். இசைகுடிமானம் எழுதிய கதையைத்தான் சொன்னார். கல்யாணத்தில் எழுதும் ஒப்பந்தம் அது. யார் யாருக்கு என்ன கொடுத்தார்கள், எந்த எழுத்து கோணலாக விழுந்தது என்பது வரை நினைவு. எந்த வருஷம் என்று மட்டும் தெரியவில்லை.

6. கொள்கையை எழுதுங்கள், ஆனால் நடத்தையிலிருந்து

இப்போது என் கற்பனையைச் சொல்கிறேன், இப்படி ஒரு கூட்டம் எங்கும் இல்லை, எடுத்துக்காட்டுக்கு மட்டும். பெயர் பேரேட்டார். அவர்கள் சொல்வது மூன்றே விஷயம். காலம் ஓடுவதில்லை, வட்டியைப்போல ஏறுகிறது. ஏட்டில் ஏறாத நாள் கழியாத நாள். ஊருக்கு ஊர் நடப்பு வட்டி வேறு என்பதால் ஊருக்கு ஊர் காலம் ஏறும் வேகமும் வேறு.

இந்த மூன்றை எழுதி முடித்து அப்பாடா என்று உட்காரக்கூடாது. ஒவ்வொன்றுக்கும் "அதனால் அவர்கள் என்ன செய்கிறார்கள்?" என்று கேட்டு ஒரு பக்கமாவது நிரப்புங்கள். பேரேட்டார் வீட்டில் விளக்கு வைத்ததும் அன்றைய நாளை ஏட்டில் ஏற்றுகிறார்கள், ஒன்றும் நடக்காத நாளென்றாலும் ஒரு ௸ போடுகிறார்கள். காய்ச்சலில் படுத்து எழுதாமல் விட்ட நாட்களுக்கு "நிலுவை நாள்" என்று பெயர், அவை வயதில் சேராது, ஆகவே அந்தக் கூட்டத்தில் யாருக்கும் பள்ளிச் சான்றிதழில் உள்ள வயதும் வீட்டு வயதும் ஒன்றாக இல்லை. ரங்கூனில் வட்டி அதிகம், அதனால் மூன்று வருஷக் கணக்கு முடித்து வருகிறவர் அங்கே கூடுதலாக மூத்துவிட்டார் என்று கணக்குப் போட்டு அவருக்குத் தம்பி முறைக்காரர்கூட அண்ணன் மரியாதை கொடுப்பதில்லை, பெரியப்பா மரியாதை கொடுக்கிறார்.

அப்புறம் 1942. ஜப்பான் படை பர்மாவுக்குள் வர, கடையையும் ஏட்டையும் போட்டது போட்டபடி விட்டுவிட்டுப் பலர் கிளம்பி வந்தார்கள், இது நடந்தது. என் கதையில் ஒரு மேலாள் திரும்பவில்லை, அவர் ஏடும் திரும்பவில்லை. பேரேட்டார் கொள்கைப்படி ஏடு கைக்கு வராமல் அந்த நாட்கள் கழிந்ததாக ஆகாது. ஊரில் இருக்கும் அவர் மனைவி தாலியைக் கழற்ற மறுக்கிறார். அழுதுகொண்டு மறுக்கவில்லை, கணக்குப் பேசி மறுக்கிறார், "கடைசிப் பக்கம் எங்கே? கூட்டிக் காட்டுங்கள்" என்று பங்காளிகளைக் கேட்கிறார். பதில் சொல்ல ஆள் இல்லை. உங்கள் கொள்கையால் இப்படி ஒரு இடத்துக்காவது வர முடிகிறதா என்று பாருங்கள். முடியவில்லை என்றால் கொள்கையை மாற்றுங்கள், வசனத்தை மெருகேற்றிப் பயனில்லை.

7. எதிர்க்கட்சியை உண்டாக்குங்கள், நியாயமாக

எதிராளி இல்லாத தத்துவம் எதுவும் நம் ஊரில் இருந்ததில்லை. பரபக்கம் (எதிராளியின் கட்சி) பேசிவிட்டுத்தான் சுபக்கம் (தன் கட்சி). என் கதையில் பேரேட்டாருக்கு எதிர் இழையார். இவர்களும் கற்பனைதான், நோன்பைப் பார்த்துப் பிறந்தவர்கள். ஒவ்வொரு நாளும் தனி இழை, ஒன்றுக்கும் அடுத்ததற்கும் சம்பந்தமே இல்லை, நாம் முறுக்குவதால் சேர்ந்ததுபோலத் தெரிகிறது. ஆகவே நேற்று வாங்கிய கடன் இன்றைக்கு வராது. கடன்காரருக்கு வசதியான தத்துவம் என்று சிரிப்பீர்கள், வாசகரும் சிரிப்பார், அந்தச் சிரிப்போடு விட்டுவிட்டால் கதை கெட்டது. இழையாருக்கும் கெட்டிக்காரத்தனம் கொடுங்கள்.

இழையார் கேட்பது: நாளை ஏட்டில் ஏற்றுகிறாயே, ஏற்றும் அந்த நொடியை எந்த ஏட்டில் ஏற்றுவாய்? அதற்கொரு ஏடு என்றால் அதற்கும் ஒரு ஏடு வேண்டும், முடிவே இல்லை. பேரேட்டார் திணறுகிறார்கள், அப்புறம் பக்கக் கடைசியில் போடும் ௸ தன்னையும் சேர்த்தே குறிக்கிறது என்று சமாளிக்கிறார்கள். திருப்பிக் கேட்பது: இழைகளுக்குள் சம்பந்தம் இல்லை என்றால் இருபத்தொன்று ஆயிற்று என்று எண்ணியது யார்? முதல் நாளில் இருந்தவர் கடைசி நாளிலும் இருந்தால்தானே எண்ண முடியும்? இது கணபங்கவாதத்துக்கு எதிராக நினைவை வைத்துப் பழைய தர்க்கக்காரர்கள் போட்ட அதே பிடிதான், ஊர் உடுப்புப் போட்டிருக்கிறது. இப்படி உண்மையான வாதத்தை எடுத்து உங்கள் ஆட்களின் வாயில் வையுங்கள், தைரியமாக. மூன்று சுற்றுக்குமேல் வாதம் போகவேண்டாம், வாசகர் புத்தகத்தை மூடிவிடுவார்.

8. கற்பனையைக் கற்பனை என்றே எழுதுங்கள்

காரைக்குடிக்குப் பக்கத்தில் கோவிலூர் மடம் இருக்கிறது, தமிழிலேயே வேதாந்தம் சொல்லிக்கொடுத்த மரபு. குன்றக்குடியில் ஆதீனம். இவற்றின் வாசலில் உங்கள் கற்பனையைக் கட்டிவைக்காதீர்கள். "அந்த மடத்து ஏட்டில் இருந்தது" என்று கதாபாத்திரம் சொன்னால்கூட நாளைக்கு அதை ஒருவர் வெட்டியெடுத்து உண்மை மாதிரி சுற்றுக்கு விடுவார். பழைய சாயலில் நீங்களே எழுதிய வெண்பா இன்னும் ஆபத்து. இரண்டு வருஷத்தில் அது "சங்கப் பாடல்" ஆகிவிடும். முன்பக்கத்தில் மூன்று வரி போடுங்கள்: கூட்டம் கற்பனை, பாடல் என்னுடையது, நோன்பும் குறியீடுகளும் உண்மை. கற்பனைக் கோயிலுக்குக் கற்பனை ஊர்ப் பெயர் வையுங்கள், ஆனால் பட்டி, குடி, ஊர் என்று முடியும் பெயர்களில் பாதி ஏற்கெனவே இருக்கிற ஊராக இருக்கும், வைத்த பெயரை வருவாய்க் கிராமப் பட்டியலில் ஒருமுறை தேடிப் பாருங்கள்.

9. பதிவு, எண், பிரதி

கொள்கைக்குப் பதிப்புரிமை கிடையாது. "ஏட்டில் ஏறாத நாள் கழியாத நாள்" என்ற எண்ணத்தை யார் வேண்டுமானாலும் எடுத்துக்கொள்ளலாம், நீங்கள் எழுதிய எழுத்துக்குத்தான் பாதுகாப்பு. எழுதிய கணமே உரிமை வந்துவிடும், பதிவு கட்டாயம் அல்ல. வழக்கு என்று வந்தால் சான்றாகப் பயன்படும். வேண்டுமென்றால் பதிப்புரிமை அலுவலகத்தின் இணையதளத்தில் இலக்கியப் படைப்புக்கு 500 ரூபாய் கட்டி விண்ணப்பிக்கலாம். எதிர்ப்பு எதுவும் வருகிறதா என்று 30 நாள் காத்திருப்பார்கள், அதன் பிறகுதான் பரிசீலனையே, ஆகவே வெளியீட்டு விழாத் தேதியை இதை நம்பி வைக்காதீர்கள்.

மற்றவர் எழுத்தை எடுத்தாளும்போது ஆசிரியர் இறந்து 60 வருஷம் ஆகியிருக்கிறதா, அல்லது தமிழக அரசு நாட்டுடைமை ஆக்கிய நூலா என்று பாருங்கள். பழைய நூலுக்குப் புதிதாக எழுதிய உரைக்குத் தனி உரிமை உண்டு, மூலம் பழசு என்பதால் உரையும் பொது என்று ஆகாது.

நீங்களே அச்சடித்தால் புத்தகத்துக்கான சர்வதேச அடையாள எண்ணான ஐ.எஸ்.பி.என். வாங்குங்கள். அரசுத் தளத்தில் கட்டணமே இல்லை. அடையாளச் சான்று, தலைப்புப் பக்கம், அட்டை மாதிரி தயாராக வைத்துக்கொள்ளுங்கள். இதை வாங்கித்தர ஆயிரக்கணக்கில் கேட்கும் இடைத்தரகர்கள் இருக்கிறார்கள், கொடுக்காதீர்கள். புத்தகம் வெளியான 30 நாளுக்குள் கொல்கத்தா தேசிய நூலகம், சென்னை கன்னிமாரா உள்ளிட்ட நூலகங்களுக்குப் பிரதி அனுப்பவேண்டும் என்று 1954ஆம் ஆண்டுச் சட்டம் சொல்கிறது. அஞ்சல் ரசீதை வைத்துக்கொள்ளுங்கள்.

10. எப்போது கிளம்புவது

பங்குனி, சித்திரை, வைகாசி வேண்டாம். வெயிலும் அதிகம், பூட்டிய வீடுகளும் அதிகம். நோன்பு பார்க்க வேண்டுமென்றால் ஐப்பசியிலேயே பஞ்சாங்கத்தில் கார்த்திகை தீபத்தின் தேதியைப் பிடித்து 21 நாள் கூட்டுங்கள், பெரும்பாலும் டிசம்பரின் பின்பாதியில் விழும், சில வருஷம் கொஞ்சம் முன்னே பின்னே போகும். வெளியூரில் இருப்பவர்கள் ஊருக்கு வரும் சமயம், பூட்டிய வீடுகள் திறந்திருக்கும், பங்காளிகளை நேரில் பிடித்துக் கையெழுத்து வாங்கலாம், ஐந்தாம் படியில் பாதி வேலை ஒரே நாளில் முடியும். ஆனால் அரையாண்டு விடுமுறைக் கூட்டமும் சேர்ந்துகொள்ளும். சென்னை எழும்பூரில் மதியத்துக்கு மேல் கிளம்பும் பல்லவன் ரயிலில் இடம் பிடிக்க முன்பதிவு திறந்த அன்றே போடுங்கள், இரவு காரைக்குடி வந்து சேரும். தங்க கானாடுகாத்தானில் பழைய வீடுகளை விடுதியாக மாற்றியிருக்கிறார்கள், அழகுதான், விலையும் அப்படித்தான். காரைக்குடிப் பேருந்து நிலையத்தைச் சுற்றி உள்ள சாதாரண விடுதி போதும், காலையில் கோட்டையூர், பள்ளத்தூர் வழியாகப் போகும் பேருந்துகளில் ஏறிவிடலாம்.